அரசு வேலை மறுக்கப்பட்டு நீதிமன்றம் வரை போனவர்கள் உங்கள் அனுபவத்தைச் சொல்லுங்கள்

தேனிப்பக்கம்:
நானே ஆரம்பிக்கிறேன். அப்பா பணியில் இருக்கும்போதே இறந்தார். வீட்டுக்கு நான் ஒரே பிள்ளை. கருணை அடிப்படையில் வேலை கேட்டு அவருடைய துறைக்கே மனு கொண்டுபோனேன். செக்‌ஷனில் இருந்தவர் படித்துப் பார்த்துவிட்டு, "உங்களுக்குக் கல்யாணம் ஆயிடுச்சேம்மா, கிடைக்காது" என்று கையிலேயே திருப்பிக் கொடுத்தார். எட்டு மாதம் நடந்தேன். ஒவ்வொரு தடவையும் வாய்ச்சொல்தான்.

வக்கீல் கேட்ட முதல் கேள்வி, "மறுப்பு ஆணை எங்கே?" காகிதமே இல்லாவிட்டால் எதை ரத்து செய்யச் சொல்லிக் கேட்பது? இறந்த நாளிலிருந்து 3 ஆண்டுக்குள் விண்ணப்பிக்க வேண்டும் என்பது விதி. நான் நேரில் நீட்டிய மனுவுக்கு அத்தாட்சி கிடையாது. நல்லவேளை, கெடு முடிய இன்னும் சில மாதம் இருந்தது. அன்றைக்கே ஒப்புகை அட்டையோடு பதிவுத் தபாலில் அனுப்பினேன். பதில் வராததால், 10 ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டி, தகவல் உரிமைச் சட்டத்தில் கோப்புக் குறிப்பின் நகல் கேட்டேன். வந்தது. ஒரே ஒரு வரி: "மனுதாரர் திருமணமானவர், நிராகரிக்கலாம்." அதற்குக் கீழே மூன்று பேரின் சுருக்கொப்பம்.

உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் ரிட், அதாவது அரசுக்கு உத்தரவிடக் கேட்கும் மனு, போட்டோம். 12 வாரத்துக்குள் மனுவைப் பரிசீலித்து உத்தரவு போடச் சொன்னது நீதிமன்றம். அம்மா பாயசமே வைத்துவிட்டார். பதினோராவது வாரம் பரிசீலித்தார்கள், நிராகரித்தார்கள்! 'பரிசீலி' என்றால் 'வேலை கொடு' என்று அர்த்தமில்லை என்பது அப்போதுதான் உறைத்தது. ஆனால் காரணம் எழுதிய ஆணை முதன்முதலாகக் கையில் கிடைத்தது. அதை எதிர்த்து இரண்டாவது ரிட். கல்யாணமான மகனுக்கு இல்லாத தடை மகளுக்கு மட்டும் ஏன், சமத்துவத்தையும் அரசு வேலையில் சம வாய்ப்பையும் சொல்லும் அரசமைப்பின் 14, 16-ஆம் பிரிவுகளுக்கு இது ஒத்துவருமா என்பதுதான் எங்கள் வாதம்.

அரசுத் தரப்பு 1994-இல் உச்ச நீதிமன்றம் ஹரியானா வழக்கில் சொன்னதை எடுத்து வைத்தது. கருணை வேலை உரிமை அல்ல, திடீர் நெருக்கடியைத் தாண்டத்தான். நான்கு வருடம் சமாளித்துவிட்டார்களே, இனி எதற்கு வேலை என்றார்கள். இழுத்தடித்ததே அவர்கள்தான்! நீதிபதியும் அதைத்தான் கேட்டார். இப்போது இளநிலை உதவியாளராக இருக்கிறேன்.

வைகைக்கரை:
வாழ்த்துகள். என்னுடையது தோற்ற கதை. சீருடைப் பணிக்கு எழுத்து, ஓட்டம், கயிறு எல்லாம் தேறியாச்சு. ஊர்த் திருவிழாத் தகராறில் 11 பேர் மேல் போட்ட எஃப்.ஐ.ஆரில் நான் எட்டாவது ஆள். புகார் கொடுத்தவரே கோர்ட்டில் மாற்றிச் சொல்லிப் பிறழ்ந்துவிட்டதால் விடுதலை. அதுதான் விடுதலை ஆகிவிட்டோமே என்று சரிபார்ப்புப் படிவத்தில் வழக்கு பற்றிய கட்டத்தில் 'இல்லை' என்று எழுதிவிட்டேன்.

சின்ன வழக்கை மறைத்திருந்தால் அதிகாரி மன்னிக்கலாம் என்று அவதார் சிங் வழக்கில் (2016) உச்ச நீதிமன்றம் இடம் கொடுத்திருக்கிறது. வக்கீல் அதைத்தான் நம்பினார். ஆனால் இங்குள்ள காவல் பணி விதியில், சந்தேகத்தின் பலனாலோ புகார்தாரர் பிறழ்ந்ததாலோ விடுதலையானவரும் வழக்கில் சம்பந்தப்பட்டவர்தான். 2008-இல் சென்னை உயர் நீதிமன்ற முழு அமர்வும் அதை ஏற்றிருக்கிறது. 'உண்டு, விடுதலை' என்று எழுதியிருந்தால் பேசவாவது ஒரு வாய் இருந்திருக்கும்.

கூட்ஸ்வண்டி:
மத்திய அரசு வேலை என்றால் நேராக உயர் நீதிமன்றம் போகாதீர்கள். நான் போய் ஐந்து மாதம் வீண். 1997-இல் வந்த சந்திரகுமார் தீர்ப்புப்படி முதலில் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம், அங்கே தோற்றால்தான் உயர் நீதிமன்றம். மறுப்பு ஆணை வந்து ஒரு வருடத்துக்குள் போக வேண்டும். மனுவுக்கு மேல் மனு அனுப்பிக்கொண்டே இருந்தால் கெடு நீளாது.

இன்னொன்று, வழக்கு முடியும் வரை ஒரு இடத்தைக் காலியாக வைக்கச் சொல்லி இடைக்கால உத்தரவு கேளுங்கள். நான் கேட்கவில்லை. எல்லா இடத்தையும் நிரப்பிவிட்டார்கள். சேர்ந்தவர்களையும் எதிர்மனுதாரராகச் சேர்த்து, நோட்டீஸ் அனுப்பி... அதெல்லாம் தனிக் கதை.

புதுசு_22:
தேனிப்பக்கம் அக்கா, வக்கீல் செலவு எவ்வளவு ஆச்சு? என் அக்காவுக்கும் இதே பிரச்சினை.

தேனிப்பக்கம்:
முதல் ரிட்டுக்கு வளையலை அடகு வைத்தேன், தம்பி. அப்புறம்தான் தெரிந்தது, பெண்களுக்கு வருமான வரம்பே இல்லாமல் சட்டப் பணிகள் ஆணைக்குழு இலவசமாக வக்கீல் வைத்துக் கொடுக்கும். எஸ்.சி., எஸ்.டி., மாற்றுத்திறனாளிகளுக்கும் அப்படித்தான். 15100-க்குப் போன் போட்டால் எங்கே போக வேண்டும் என்று சொல்வார்கள். அக்காவிடம் மறுப்பு ஆணை எழுத்தில் இருக்கிறதா என்று முதலில் கேளுங்கள்.