ஸ்பார்க்ஸ் இசைக்குழுவை எங்கிருந்து கேட்கத் தொடங்குவது?

பாளையங்கோட்டை வாசகர்:
தேவாலயப் பாடகர் குழுவில் பல ஆண்டுகளாகப் பாடி வருகிறேன். லாஸ் ஏஞ்சல்ஸைச் சேர்ந்த ரான் மெய்ல், ரஸ்ஸல் மெய்ல் சகோதரர்களின் ஸ்பார்க்ஸ் குழுவை அண்மையில்தான் கேட்டேன். 1974இல் வந்த ‘கிமோனோ மை ஹவுஸ்’ கிதார் முழங்கும் ராக் இசை. 1979இல் வந்த ‘நம்பர் ஒன் இன் ஹெவன்’ தொகுப்போ சிந்தசைசர் என்ற மின்னணு இசைக்கருவியிலேயே ஓடுகிறது. ஐந்தே ஆண்டுகளில் இவ்வளவு மாறிய குழு, அரை நூற்றாண்டு தாண்டியும் கலையாமல் இருப்பது எப்படி?

அம்பாசமுத்திரம் வாசகர்:
அண்ணாச்சி, மாறியவை வாத்தியங்கள்தாம். வேலைப் பங்கீடு மாறவில்லை. அண்ணன் ரான் கீபோர்டு வாசித்துப் பெரும்பாலான பாடல்களை எழுதுகிறார், தம்பி ரஸ்ஸல் பாடுகிறார். 1974இல் பிரிட்டனின் பாடல் தரவரிசையில் இரண்டாம் இடம் வரை ஏறிய அவர்களுடைய பாடலை ரான் ஏ ஸ்கேலில் அமைத்தார். தம்பியின் குரலுக்காகச் சுருதியை இறக்க அவர் சம்மதிக்கவில்லை. அதனால் ரஸ்ஸல் எட்டிப் பிடித்த அந்த உச்சக்குரலே குழுவின் அடையாளமாகிவிட்டது. மேடையில் தம்பி துள்ளி ஆட, அண்ணன் குறுமீசையுடன் அசையாமல் கூட்டத்தை முறைத்துக்கொண்டிருப்பார். கணியான் கூத்தில் உச்ச மகுடம், மந்த மகுடம் என்ற இரு பறைகளும் சேர்ந்து ஒலிப்பதைக் கேட்டு வளர்ந்த நமக்கு இந்தப் பொருத்தம் எளிதில் பிடிபடும். 1979இன் மாற்றத்துக்குக் காரணம், பாடகி டோனா சம்மருக்குச் சிந்தசைசரில் இசை அமைத்த ஜியார்ஜியோ மொரோடருடன் அவர்கள் சேர்ந்ததுதான்.

தென்காசி வாசகர்:
நான் அந்த இரண்டையும்விட 2002இல் வந்த ‘லில் பீத்தோவன்’ தொகுப்பையே உயர்வாக மதிக்கிறேன். டிரம்ஸைப் பெரும்பாலும் ஒதுக்கிவிட்டு, ஒரே வரியைத் திரும்பத் திரும்பப் பல அடுக்குக் குரல்களில் பாடி, அதன்மேல் தந்தி வாத்திய ஒலிகளைச் சேர்த்திருக்கிறார்கள். பாடகர் குழுவில் பழகிய காதுக்கு இதுவே சரியான வாசல். முப்பது ஆண்டுகள் பாடிய பிறகு இப்படி ஒன்றைத் துணிந்து செய்தவர்களை நான் மனமாரப் போற்றுகிறேன். 2008இல் லண்டனில் 21 இரவுகளில், இரவுக்கு ஒன்றாகத் தம் 21 தொகுப்புகளையும் முழுமையாக இசைத்தார்கள். பழைய வெற்றிகளை மட்டும் வைத்துக் காலம் தள்ளுபவர்களால் அது ஆகாது.

பாளையங்கோட்டை வாசகர்:
மிக்க நன்றி. அவர்கள் இப்போதும் புதிதாக எழுதுகிறார்களா?

அம்பாசமுத்திரம் வாசகர்:
எழுதுகிறார்கள். அவர்கள் கதையும் இசையும் அமைத்த ‘அனெட்’ திரைப்படம் 2021 கான் விழாவின் தொடக்கப் படமாயிற்று. அந்த இசைக்குப் பிரான்சின் சீசர் விருதும் கிடைத்தது. 2025இல் ‘மேட்!’ என்ற புதிய தொகுப்பும் வந்துவிட்டது. ‘லில் பீத்தோவன்’ முடித்ததும் அதைக் கேளுங்கள்.