புதுப்பிப்பு: மாயச்செடி நூலுக்குத் தாமரையே முடிவு

என் கற்பனைக் கதையில் வரும் நெசவாளர் குழு எந்த மாயச்செடியிலிருந்து நூல் எடுக்கலாம் என்று போன வாரம் கேட்டிருந்தேனே? எருக்கு, வாழை என்று நிறையப் பேர் சொன்னீர்கள். கடைசியில் தாமரை. மியான்மரின் இன்லே ஏரியில் இது நிஜமாகவே நடக்கிற தொழில்: தண்டைச் சுற்றிலும் லேசாகக் கீறி, ஒடித்து, மெல்ல இழுத்தால் சிலந்தி இழை மாதிரி வரும், அதை ஈரப் பலகையில் உருட்டித் திரிக்கிறார்கள்.

நேற்று பூக்கடையில் நாலு தண்டு வாங்கிப் பார்த்தேன். மூன்று வாடிப்போயிருந்தன, இழை பட்டுப்பட்டென்று அறுந்தது. நாலாவதில் ஒரு சாண் தேறியது, விரலெல்லாம் பிசுபிசுப்பு. அதனால் கதையில் விதி மாறுகிறது: பறித்த அன்றே நூற்காவிட்டால் மந்திரம் செத்துவிடும். வாழை சொன்னவர்கள் கோபித்துக்கொள்ளாதீர்கள், அதைக் கயிறு திரிக்கும் எதிரிக் குழுவுக்குக் கொடுத்துவிட்டேன்.