புதுப்பிப்பு: மிசோ சேர்த்த காலைக் கஞ்சி, அரிசி சீக்கிரம் குழைய வழி கிடைத்தது

யோசனை சொன்ன எல்லோருக்கும் நன்றி. சீனக் கஞ்சி மாதிரி நன்கு குழையவிட்டு, ஜப்பானிய மிசோ (புளிக்கவைத்த சோயா விழுது) கலந்து காலையில் குடிக்க ஆசை. அரிசி மலர ஒரு மணி நேரத்துக்கு மேல் ஆகிறதே என்று கேட்டிருந்தேன்.

கைகொடுத்தது "அரிசியைக் கழுவி ஊறவைத்து, வடித்து, ஃப்ரீசரில் வையுங்கள்" என்ற யோசனைதான். உள்ளே போன நீர் உறைந்து விரிவதால் அரிசியில் விரிசல் விழுகிறது. உருகவிடாமல் அப்படியே கொதிநீரில் போட்டால் 20 நிமிடத்தில் உடைந்து மலர்ந்துவிடுகிறது. ஒரு கப் அரிசிக்கு 8 கப் தண்ணீர். அடிபிடிக்காமல் அவ்வப்போது கிளறினால் போதும். குக்கரிலும் குழைந்தது, ஆனால் கஞ்சி வெயிட் வழியே பொங்கி வழிந்து, அடுப்பைத் துடைக்கவே நேரம் போயிற்று.

அடுப்பை அணைத்த பிறகே மிசோவைக் கரைக்கச் சொன்னவர் சொன்னது சரி. கொதித்தால் அந்த வாசம் போய்விடுகிறது. அதிலேயே உப்பு இருப்பதால் தனியாகப் போடவில்லை. மேலே அவித்த முட்டை, வதக்கிய காளான், இஞ்சித் துருவல்.

எதிர்பாராத ஒன்று: தவிடு நீக்காத அரிசி இந்த முறைக்கு மசியவே இல்லை. மிக்ஸியில் ஒரு சுற்று சுற்றி நொய்யாக்கிய பிறகுதான் வழிக்கு வந்தது. ஆறினால் கெட்டிப்படும், வெந்நீர் ஊற்றி இளக்கிக்கொள்ளுங்கள்.