பாஞ்சாலியோடு ஒரு டீ

பென்னாகரத்துக்காரன்:

வேடம் கலைத்த தெருக்கூத்துக்காரரோடு பேசிய அனுபவம் யாருக்காவது உண்டா என்று கேட்டிருந்தீர்கள். எனக்கு அது பாலக்கோடு பஸ் நிலையத்தில் வாய்த்தது. வைகாசி மாதம், காலை ஆறரை மணி. டீக்கடை பெஞ்சில் ஒல்லியான ஒருவர், ஐம்பது வயதிருக்கும், காலடியில் தகரப் பெட்டியோடு உட்கார்ந்திருந்தார். முகம் கழுவியிருந்தார், காது மடலுக்குப் பின்னால் மட்டும் அரிதாரம் ஒரு விரல் அகலத்துக்கு மஞ்சளாக ஒட்டிக்கொண்டிருந்தது. முந்தின இரவு பக்கத்து ஊரில் துகிலுரியப்பட்ட பாஞ்சாலி அவர்தான். அவர் கண்ணனை அழைத்துப் பாடியபோது என் அம்மா எழுந்து நின்று கற்பூரம் ஏற்றினார்.

"நீங்கள்தானே, அண்ணா?" என்றேன். தலையை ஆட்டிவிட்டுத் தொண்டையைத் தொட்டுக் காட்டினார். அன்று இரவும் ஆட்டம் இருந்ததாம். பிறகு டீ ஆறும்வரை, நான் காதைக் கிட்டே கொண்டுபோகும்படி பேசினார்.

பதினான்கு வயதில் வாத்தியாரிடம் சேர்ந்தவர். முதலில் பின்பாட்டு, வேடக்காரர் ஓர் அடி பாடினால் அதை வாங்கிப் பாட வேண்டும். அப்புறம் பெண் வேடம். குரல் உடைந்த வருடம் வேடமே கிடையாது, தாளம் தட்டினார். குரல் தேறியபோது ஐந்து கட்டைச் சுருதியில் நின்றது. "ராஜ வேடக்காரர்களுக்கு உடம்பில் கட்டை, எனக்குத் தொண்டையில் கட்டை" என்று சிரித்தார். மரத்தில் செய்த கிரீடத்தையும் தோளில் கட்டும் புஜக்கீர்த்தியையும் எங்கள் பக்கம் கட்டை என்றுதான் சொல்வோம்.

ஆடி போனால் ஆட்டம் இல்லை. பெங்களூரில் சென்ட்ரிங் வேலை. சிமென்ட் தூசிக்குப் பயந்து துண்டால் வாயைக் கட்டிக்கொள்வார், யாரோடும் பேசமாட்டார். உடன் வேலை செய்பவர்கள் அவருக்கு வைத்த பெயர் 'ஊமையன்'. தொண்டைக்கு மிளகு, பனங்கற்கண்டு பற்றிக் கேட்டேன். "அதெல்லாம் பார்க்கிறவர்கள் சொல்லும் வைத்தியம், தம்பி. தூக்கம்தான் மருந்து" என்று சொல்லிவிட்டு பஸ் ஏறினார்.

காவேரிப்பட்டணம் மருமகள்:

எங்கள் ஊர் பாரதக் கூத்துத் திருவிழாவில் பதினெட்டாம் நாள் காலை படுகளம், அதாவது துரியோதனன் விழும் காட்சி. விடிய விடியப் பாடிய துரியோதனன், மண்ணால் செய்த துரியோதனன் உருவத்தின் மேலேயே ஓடிச் சண்டை போட வேண்டும். எல்லாம் முடிந்து எங்கள் திண்ணையில் வந்து உட்கார்ந்தார். கேழ்வரகுக் கூழ் கொடுத்தேன். கிரீடத்தைக் கழற்றியதும் நெற்றியில் கயிறு அழுத்திய தடம் சிவந்து கிடந்தது. தோளிலும் அப்படியே. என் மகள் பயந்து கதவுக்குப் பின்னால் ஒளிந்துகொண்டாள்.

பீமன் தொடையில் அடித்ததும் பெண்கள் அந்த மண்ணை அள்ளி வீட்டுக்கு எடுத்துப்போவது வழக்கம். "என் தொடை எத்தனை ஊர்க் குதிரில் கிடக்கிறதோ, அக்கா!" என்று சொல்லி இன்னொரு சொம்பு கூழ் கேட்டார். இரவெல்லாம் அவரைத் திட்டித் தீர்த்த என் மாமியார்தான் ஊற்றினார்.

ஊத்தங்கரையிலிருந்து:

என் தாய்மாமா ஆர்மோனியக்காரர். நீங்கள் நல்லதாகச் சொன்னீர்கள், நான் கொஞ்சம் கசப்பு சேர்க்கிறேன். ஒரு ஊரில் நள்ளிரவு இரண்டு மணிக்கு மழை வந்தது. பாதி ஆட்டம்தான் என்று விழாக் குழு பாதிக் கூலி கொடுத்தது. நனைந்த மத்தளத்துக்கு யார் பொறுப்பு? நாட்டுப்புறக் கலைஞர்கள் நல வாரியத்தின் அட்டை மாமாவிடம் இருக்கிறது. மழைக்கு அது குடையாகாது.

மைக் வந்ததும் தொண்டைக்கு ஓய்வு வந்தது உண்மை. ஆனால் சுழன்று ஆட வேண்டிய கர்ணன் மைக் கம்பியின் முன்னால் கட்டிப்போட்ட கன்று மாதிரி நிற்கிறான். எனக்கு இது பிடிக்கவில்லை.

கொடுமுடியில் பிறந்த கே.பி.சுந்தராம்பாள் மேடை நாடகத்திலிருந்து சினிமாவுக்குப் போய், 1935-ல் நந்தனாராக நடிக்க ஒரு லட்சம் ரூபாய் வாங்கினார். மாமா இதை அடிக்கடி சொல்வார். "அந்த அம்மாள் ஆண் வேடம் போட்டார், லட்சம் வந்தது. நம் ஆள் பெண் வேடம் போடுகிறான், டீக்குக் கடன் சொல்கிறான்" என்பார்.

பென்னாகரத்துக்காரன்:

ஒன்று சொல்ல மறந்துவிட்டேன். இந்த வருடமும் அதே குழுதான் வந்தது. பாஞ்சாலியாக ஓர் இளைஞன். பாடும்போது அடிக்கடி பின்னால் திரும்பிப் பார்த்தான். அங்கே பின்பாட்டில் நம்மவர் நின்றிருந்தார், கழுத்தில் மப்ளரோடு.