ஹெலன் கெல்லர் நாடகத்தை எங்கே முடிப்பது?

தேவகோட்டை டீச்சர்:
பள்ளி ஆண்டு விழாவுக்காக வில்லியம் கிப்சனின் 'தி மிராக்கிள் ஒர்க்கர்' நாடகத்தைத் தமிழில் சுருக்கி எழுதுகிறேன். 1957-ல் அமெரிக்கத் தொலைக்காட்சியில் 'பிளேஹவுஸ் 90' வரிசையில் வந்தது. மேடை ஏறியது 1959-ல்தான். கண்ணும் காதும் இழந்த சிறுமி ஹெலனின் ஒரு கையில் அடிபம்புத் தண்ணீர் விழ, மறு கையில் ஆசிரியை ஆனி சல்லிவன் விரலால் அந்தச் சொல்லை எழுத்துக்கூட்ட, குழந்தைக்குச் சட்டென்று புரிகிறதே, நாடகம் அதோடு முடிகிறது. ஆனால் ஆனி 1936-ல் சாகும்வரை ஹெலனோடுதான் இருந்தார். 49 வருடம்! அதைச் சொல்லாமல் திரை போட எனக்கு மனசு வரவில்லை.

காரணம் எங்கள் சின்னாயா. காது கேட்காத தம்பிக்காக (எங்களுக்கு அவர் ஐயா) கல்யாணமே செய்துகொள்ளவில்லை. வீட்டின் இரண்டாங்கட்டில் உட்கார்ந்து ஐயாவின் உள்ளங்கையில் வட்டம் போடுவார்கள்; அன்றைக்குப் பணியாரம் என்று அர்த்தம். ஐயா முகம் மலர்ந்துவிடும். கடைசியில் ஒருவர் வந்து அந்த 49 வருடத்தை வாசித்தால் சரியாக இருக்குமா?

கானாடுகாத்தான்:
வேண்டாம் ஆச்சி. தண்ணீர்க் காட்சிக்கு மேல் யார் பேசினாலும் எடுபடாது. ஆனியின் பழைய கதையைக் கெட்டியாகப் பிடித்துக்கொள்ளுங்கள். அவருக்கே சின்ன வயதில் கண் கெட்டு, பல அறுவை சிகிச்சை நடந்தது. தம்பி ஜிம்மி ஏழைகள் விடுதியில் கூடவே இருந்து செத்துப்போனான். நாடகத்தில் அவன் குரல் அவரைத் துரத்திக்கொண்டே இருக்கும். சுருக்கும்போது முதலில் வெட்டத் தோன்றுவது அதைத்தான். அது போனால், 20 வயதுப் பெண் ஏன் இப்படிப் பிடிவாதமாக நின்றாள் என்பதே புரியாது.

பள்ளத்தூர்:
நோய் வருமுன் தண்ணீருக்கு ஹெலன் சொன்ன மழலை 'வா-வா'. தமிழில் 'ன்னி' என்று வையுங்கள், நம் பிள்ளைகள் சொல்வதுதானே. அப்புறம், வாளியில் மோந்து ஊற்றிச் சமாளிக்காதீர்கள். தண்ணீர் விடாமல் கொட்ட வேண்டும்.

தேவகோட்டை டீச்சர்:
சரி, ஜிம்மி இருப்பான். வாசிப்பை எடுத்துவிட்டேன். சின்னாயா போன பிறகும் ஐயா உள்ளங்கையை விரித்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பார்கள். ஹெலன் கையை அப்படி விரித்து நிற்க, விளக்கை அணைக்கப் போகிறேன். காரைக்குடிப் பக்கம் பழைய அடிபம்பு யாரிடமாவது இருந்தால் சொல்லுங்கள், இரண்டு நாளில் திருப்பித் தந்துவிடுகிறேன்.