அப்பத்தா வீடு: வியாழக்கிழமை இலைக்கு அதலைக்காய்

குடும்பக் குழுவில், திங்கள், மாலை 6.40

செல்வி: வியாழக்கிழமை அப்பத்தாவின் தலைத்திவசம். என்ன சமையல் என்று இன்று இரவுக்குள் முடிவானால்தான் நாளை சாமான் வாங்க முடியும். படையலுக்கு அதலைக்காய், கரிசல் காட்டில் தானாகக் காய்க்கும் அந்தக் கசப்புக்காய், கட்டாயம் வேண்டும். எங்கே கிடைக்கும்?

சித்தப்பா: சமையல்காரரிடம் பேசியாயிற்று. சாம்பார், ரசம், அவியல், உருளைக்கிழங்கு வறுவல், வடை, பாயசம். அறுபது இலை.

செல்வி: அதில் அப்பத்தா விரும்பிச் சாப்பிட்டது எது சித்தப்பா?

சித்தப்பா: வடை.

அம்மா: அதையும் பிட்டுக் கோழிக்குப் போட்டுவிடுவார்கள்.

குமார் அண்ணன்: உண்மை. நான் சாட்சி. அந்தக் கோழி என்னைக் கொத்தியிருக்கிறது.

சித்தப்பா: சம்பந்தி வீட்டார் வருகிறார்கள். காட்டில் முளைத்த களையைப் பறித்து அவர்கள் இலையில் வைக்கச் சொல்கிறீர்களா?

சித்தி: வாழை இலைக்கு யார் சொல்லியிருக்கிறார்கள்?

கோவில்பட்டி அத்தை: தம்பி, களை என்றாய், அதனால் எழுதுகிறேன். கொஞ்சம் நீளும், பொறுத்துக்கொள். எனக்கு எட்டு வயது இருக்கும். கம்மங்காட்டில் களை எடுக்கப் போன அம்மா, திரும்பி வரும்போது மடியில் தொய்யக்கீரை, பண்ணைக்கீரை, சாரணைக்கீரை எல்லாவற்றையும் கட்டிக்கொண்டு வருவாள். கூலியும் களையில்தான், குழம்பும் களையில்தான். மூன்றையும் ஒன்றாகக் கடைந்து கம்மஞ்சோற்றோடு தருவாள். வாசலில் யாராவது நிழலாடினால் சட்டியைத் தட்டால் மூடிவிடுவாள். "ஆக்க ஒன்றுமில்லாமல் கீரையைத் தின்கிறார்கள் என்று ஊர் பேசும்" என்பாள். சங்க நூலான சிறுபாணாற்றுப்படையிலும் இந்தக் காட்சி இருக்கிறது. குப்பையில் முளைத்த வேளைக்கீரையைக் கிணைமகள், அதாவது கிணைப்பறை கொட்டும் குடும்பத்துப் பெண், நகத்தால் கிள்ளி வந்து உப்பில்லாமல் வேகவைக்கிறாள். மற்றவர் பார்த்துவிடுவார்களே என்று வெட்கப்பட்டுக் கதவை அடைத்துவிட்டுச் சுற்றத்தோடு உண்கிறாள். வகுப்பில் அதை நடத்தும்போதெல்லாம் எனக்கு நம் வீட்டு அடுப்படிதான் கண்ணுக்குள் வந்து நிற்கும். அம்மாவுக்குப் படைக்கிற நாளிலுமா கதவை அடைப்பது?

சித்தி: கண் கலங்கிவிட்டது மதினி.

குமார் அண்ணன்: உப்பில்லாமலா?

கோவில்பட்டி அத்தை: உப்பு வாங்கக்கூட வழியில்லை குமார்.

சித்தப்பா: நான் கதவை அடைக்கச் சொல்லவில்லை அக்கா. கசப்பு எல்லோருக்கும் ஒத்துவராது என்றுதான் சொன்னேன்.

அம்மா: பிடிக்காதவர்கள் ஓரமாக ஒதுக்கட்டும். என் கல்யாணம் முடிந்து மறுவாரமே எனக்கு அதைத்தான் போட்டார்கள். நான் ஒதுக்கவில்லை.

செல்வி: ஒதுக்கியிருந்தால்?

அம்மா: உன் அப்பத்தாவை உனக்குத் தெரியாதா?

மாலை 7.25

செல்வி: சரி, காய் எங்கே? சித்தப்பா, நம் புஞ்சையில் முன்பு நிறையக் கிடந்ததே?

சித்தப்பா: அதைக் குத்தகைக்கு விட்டு மூன்று வருடம் ஆகிறது. மக்காச்சோளம் போட்டிருக்கிறார்கள். களைக்கொல்லி அடித்துவிட்டார்கள்.

செல்வி: அப்பத்தா இருக்கும்போதே அடித்தார்களா?

சித்தப்பா: ஆமாம்.

அம்மா: அந்த வருடம் ஓலைக் கொட்டானை எடுத்துக்கொண்டு போனவர்கள் வெறுங்கையோடு வந்தார்கள். யாரிடமும் எதுவும் சொல்லவில்லை. திண்ணையில் உட்கார்ந்து கொட்டானைக் கவிழ்த்து வைத்தார்கள்.

(இதற்குப் பதினெட்டு நிமிடம் யாரும் எழுதவில்லை.)

பாலா, சிங்கப்பூர்: இப்போதுதான் வேலை முடிந்தது. எல்லாவற்றையும் படித்தேன். அத்தை, விதை போட்டு மாடியிலேயே வளர்க்க முடியாதா? சென்னை மாடியில் அண்ணன் முயன்று பார்க்கலாமே.

கோவில்பட்டி அத்தை: விதை எளிதில் முளைக்காது பாலா. அதலை கிழங்கில் வாழும் கொடி. ஐப்பசி மழை கரிசலில் நன்றாக இறங்கியதும் பழைய கிழங்கிலிருந்து தளிர் வரும். கார்த்திகை, மார்கழி முழுக்கக் காய்க்கும். தை பிறந்து மண் காயத் தொடங்கினால் கொடியும் காய்ந்து காணாமல் போய்விடும். கிழங்கு மட்டும் கோடை முழுவதும் மண்ணுக்குள் உறங்கும். அதனால்தான் இதற்கு விதைப்பு, உரம், தண்ணீர் ஒன்றும் கிடையாது. நிலத்தைச் சும்மா விட்டால் போதும். வளர்க்க ஆசை இருந்தால், இப்போது கொடி எங்கே இருக்கிறது என்று பார்த்துக் குச்சி நட்டு அடையாளம் வைக்க வேண்டும். கொடி காய்ந்த பிறகு கிழங்கைக் காயம்படாமல் தோண்டி, கரிசல் மண் நிரப்பிய பையில் புதைத்து வைக்க வேண்டும். கோடையில் ஆர்வக்கோளாறில் தினமும் தண்ணீர் ஊற்றினால் அழுகிவிடும். மாடிக்கு முதலில் பிரண்டை வை குமார். இரண்டு கணு உள்ள துண்டு ஒன்று போதும், தொட்டியில் செருகினால் பிடித்துக்கொள்ளும்.

குமார் அண்ணன்: பிரண்டை இருக்கிறது அத்தை. பக்கத்து வீட்டுக்காரர் அழகுச்செடி என்று கேட்டு வாங்கிப் போனார்.

மதினி: அதலைக்காய் சாப்பிட்டால் சர்க்கரை அடியோடு போய்விடுமாம். மாத்திரையே வேண்டாமாம். எங்கள் அலுவலகக் குழுவில் வந்தது, அனுப்பவா?

கோவில்பட்டி அத்தை: அனுப்பாதே அம்மா. சர்க்கரைக்காரர்கள் இதைச் சாப்பிடுவது வழக்கம்தான், நானும் சாப்பிடுகிறேன். ஆனால் காலையும் இரவும் மாத்திரை போட்டுக்கொண்டுதான் சாப்பிடுகிறேன். மாத்திரையை நிறுத்தினால் காய் காப்பாற்றாது. இந்தக் குழுவிலேயே சர்க்கரைக்காரர்கள் நான்கு பேர் இருக்கிறோம்.

சித்தப்பா: ஐந்து.

சித்தி: எப்போதிலிருந்து? என்னிடம் சொல்லவே இல்லையே?

சித்தப்பா: பிறகு பேசலாம்.

இரவு 8.10

சித்தி: கண்மாய்க்கரைப் பக்கம் போன பையன் இதைப் பறித்து வந்திருக்கிறான். இதுதானா? (படம்)

கோவில்பட்டி அத்தை: இல்லை, இல்லை. யாரும் வாயில் வைக்காதீர்கள். அது பேய்க்குமட்டி. உருண்டையாக, சின்னத் தர்ப்பூசணி மாதிரி பச்சையில் வெளிர்க்கோடு தெரிகிறது பாருங்கள். இலையும் ஆழமாகப் பிளந்திருக்கிறது. வயிற்றைப் புரட்டி எடுத்துவிடும். அதலைக்காய் உருண்டையாக இருக்காது. கட்டைவிரல் நுனி அளவுதான். இரண்டு முனையும் கூராகி, உடம்பில் வரிவரியாகப் புடைத்திருக்கும். பாகற்காய்க்கு உள்ள முள்ளும் கரடும் இதற்குக் கிடையாது.

சித்தி: குப்பையில் போட்டுவிட்டேன்.

கோவில்பட்டி அத்தை: பையனைக் கை கழுவச் சொல்.

குமார் அண்ணன்: அதலைக்காய் கட்டாயம் உள்ள ஓர் இடம் எனக்குத் தெரியும்.

செல்வி: எங்கே?

குமார் அண்ணன்: எங்கள் அப்பா புஞ்சையில். நான்கு வருடமாக உழவே இல்லை. கிழக்கு வரப்பு முழுக்கக் கொடி. போன வாரம் ஊருக்குப் போனபோது பார்த்தேன்.

அம்மா: கிழக்கு வரப்பா?

சித்தப்பா: அது யார் வரப்பு என்பது இன்னும் முடிவாகவில்லை.

கோவில்பட்டி அத்தை: தம்பி.

சித்தப்பா: உள்ளதைச் சொன்னேன். அளந்தால் தெரியும்.

செல்வி: அந்த வரப்பு விஷயமாக அப்பத்தா எத்தனை முறை இரண்டு வீட்டுக்கும் நடந்தார்கள் என்று எனக்குத் தெரியும் சித்தப்பா. வியாழக்கிழமை வரைக்குமாவது வேண்டாமே.

பாலா, சிங்கப்பூர்: பெரியப்பா படித்துவிட்டார். நீலக்குறி விழுந்திருக்கிறது.

குமார் அண்ணன்: அப்பா எல்லாவற்றையும் படிப்பார். எழுத மாட்டார்.

சித்தி: இலைக்கு யாரிடம் சொல்லியிருக்கிறார்கள் என்று கேட்டேன். அறுபது இலை வேண்டும்.

கோவில்பட்டி அத்தை: அண்ணன் சம்மதித்தால் எப்போது பறிப்பது என்று இப்போதே சொல்லிவிடுகிறேன். புதன்கிழமை பறித்து வைக்கலாம் என்று நினைக்காதீர்கள். பறித்த மறுநாளே வெடித்து விதை தெறித்துவிடும், ஈரம் பட்டால் இன்னும் சீக்கிரம். வியாழன் காலையில் பனி காய்ந்ததும் பறித்து, ஓலைக் கொட்டானிலோ துணியிலோ பரப்பிக் கொண்டுவர வேண்டும். பிளாஸ்டிக் பையில் கட்டினால் உள்ளேயே வேர்த்துக் கெட்டுவிடும். அறுபது இலைக்கும் இரண்டு கரண்டி என்றால் நடக்காது. இலைக்கு நான்கைந்து காய் விழுந்தால் போதும்.

செல்வி: பக்குவத்தையும் சொல்லிவிடுங்கள் அத்தை. சமையல்காரருக்குத் தெரியாது என்கிறார்.

கோவில்பட்டி அத்தை: அவரைத் தொட விடாதே, நான் வந்து செய்கிறேன். இருந்தாலும் நீ கற்றுக்கொள். இரண்டு முனையையும் நகத்தால் கிள்ளு. பிஞ்சாக இருந்தால் முழுசாகவே போடலாம். முற்றலாக இருந்தால் கீறி விதையை எடுத்துவிடு, பல்லில் கல் மாதிரி கடிபடும். நல்லெண்ணெய் காய்ந்ததும் கடுகு, கறிவேப்பிலை, உரித்த சின்ன வெங்காயம். வெங்காயம் கண்ணாடியானதும் காயைப் போட்டுத் தீயைக் குறைத்து வதக்கு. பச்சை நிறம் மங்கித் தோலில் அங்கங்கே பழுப்புப் புள்ளி விழும். அதுவரை தண்ணீரே காட்டாதே. பிறகு கெட்டியான புளிக்கரைசல், உப்பு, மிளகாய்த்தூள். வற்றி எண்ணெய் பிரியும்போது சுண்டைக்காய் அளவு கருப்பட்டி. கசப்பைக் கொல்வதற்காக அல்ல, கசப்புக்குத் துணைக்கு. அம்மா கருப்பட்டியைப் பல்லால் கடித்துத்தான் போடுவாள்.

அம்மா: அந்தப் பல் தடம் எனக்கு நினைவிருக்கிறது.

குமார் அண்ணன்: பிரண்டைத் துவையலும் உண்டுதானே? சென்னையிலிருந்து கொண்டு வருகிறேன்.

கோவில்பட்டி அத்தை: கொண்டு வா. நுனியிலிருந்து மூன்று கணு மட்டும், அடியில் நார். கையில் எண்ணெய் தடவிக்கொண்டு உரி. போன தடவை கேட்காமல் உரித்துவிட்டு இரவு முழுக்க அரிப்பில் புலம்பினாய். நன்றாகச் சிவக்க வறுத்துப் புளி வைத்து அரைத்தால்தான் தொண்டை அரிக்காது.

பாலா, சிங்கப்பூர்: எனக்கு மிதுக்கு வத்தல் கொஞ்சம் எடுத்து வையுங்கள். தை மாதம் வருகிறேன்.

சித்தி: உனக்கு முதலிலேயே தனி டப்பா.

இரவு 9.35

பெரியப்பா: (படம்)

செல்வி: பெரியப்பா!

அம்மா: அதேதான். என்ன பிஞ்சு.

பெரியப்பா: வியாழன் காலை ஆறரைக்கு வரலாம். கொடியைச் சுண்டி இழுக்காமல் காயை மட்டும் பறிக்க வேண்டும். அம்மா அப்படித்தான் பறிப்பாள்.

கோவில்பட்டி அத்தை: சரி அண்ணே.

பெரியப்பா: கிழங்கு வேண்டியவர்கள் குச்சி கொண்டு வாருங்கள்.

குமார் அண்ணன்: அப்பா இந்தக் குழுவில் எழுதியது இதுதான் முதல் தடவை.

செல்வி: நான் வருகிறேன் பெரியப்பா. ஆனால் பஸ் அந்த நேரத்துக்கு இல்லை. யாராவது வண்டியில் கூட்டிப்போனால்...

(சித்தப்பா எழுதிக்கொண்டிருக்கிறார். நிறுத்துகிறார். மறுபடி எழுதுகிறார்.)

சித்தப்பா: ஆறு மணிக்கு வாசலில் நில். வரப்பு வரைக்கும் கொண்டுவந்து விடுகிறேன்.

அம்மா: வரப்பில் ஏறிப் பறிக்கக் கூடாதா?

சித்தப்பா: பார்ப்போம் மதினி.

செல்வி: சமையல்காரரிடம் அவியலை நிறுத்தச் சொல்லவா?

சித்தப்பா: சம்பந்தி வீட்டாருக்கு அவியல் இருக்கட்டும்.

கோவில்பட்டி அத்தை: அவர்களுக்கும் நான்கு காய் வைப்பேன்.

சித்தப்பா: நாளை பேசலாம் அக்கா.

சித்தி: இலை.

சித்தி: அறுபது இலை. யாராவது பதில் சொல்லுங்கள்.