ஓமன் சுல்தானும் சான்சிபார் சுல்தானும் ஒரே குடும்பமா?

ரூவிவாசி கேட்டது:
மஸ்கட்டுக்கு வேலைக்கு வந்திருக்கிறேன். எங்கள் அலுவலகத்தில் இருக்கும் ஓமானி ஒருவர் வீட்டில் சுவாஹிலிதான் பேசுவாராம். அவருடைய தாத்தா காலத்தில் கிழக்கு ஆப்பிரிக்கக் கரையோரத் தீவான சான்சிபாரில் இருந்தார்களாம். "அங்கே ஆண்டதும் எங்கள் சுல்தான் குடும்பம்தான்" என்கிறார். அப்படியா? அப்புறம், முந்தைய ஓமன் சுல்தான் காபூஸுக்குப் பிள்ளை கிடையாது. இப்போதைய சுல்தான் ஹைதம் எந்த வழியில் வருகிறார்? இணையத்தில் தேடினால் சயீத், ஃபைசல், தைமூர் என்று அதே பெயர்கள் மாறி மாறி வந்து தலை சுற்றுகிறது.

மத்ராக்காரர்:
அவர் சொன்னது சரிதான் தம்பி. சயீத் பின் சுல்தான் (அரபியில் 'பின்' என்றால் மகன்) என்ற ஒருவரைப் பிடித்துக்கொண்டால் எல்லாம் விளங்கிவிடும். ஓமனையும் சான்சிபாரையும் சேர்த்து 1806 முதல் 1856 வரை ஆண்டவர். மஸ்கட்டை விட கிராம்பும் வணிகமும் செழித்த சான்சிபார்தான் அவருக்குப் பிடித்திருந்தது. 1840 வாக்கில் அங்கேயே குடியேறிவிட்டார். 1856இல் ஓமனிலிருந்து அங்கே திரும்பும் வழியில் கப்பலிலேயே இறந்தார்.

பல மனைவியர், ஏகப்பட்ட பிள்ளைகள். அப்பா போனதும் மஸ்கட் மகன் துவைனி கைக்கும், சான்சிபார் மகன் மாஜித் கைக்கும் வந்தன. அண்ணன் தம்பி சண்டை சும்மா விடுமா? துவைனி கப்பல்களோடு கிளம்பினார், ஆங்கிலேயர் மறித்தார்கள். 1861இல் இந்திய வைஸ்ராய் கானிங் பிரபு பஞ்சாயத்து செய்து இரண்டையும் தனித்தனி நாடாக்கினார். பணக்கார சான்சிபார் ஆண்டுதோறும் மஸ்கட்டுக்கு 40,000 மரியா தெரேசா வெள்ளி நாணயம் கொடுக்க வேண்டும் என்பது தீர்ப்பு.

இனிமேல்தான் சுவாரசியம். 1866இல் ஓமனின் சோஹார் நகரில் துவைனியைப் பெற்ற மகன் சலீமே கொன்றான். சில ஆண்டுக் குழப்பத்துக்குப் பிறகு 1871இல் துவைனியின் தம்பி துர்கி மஸ்கட்டைப் பிடித்தார். இன்றைய சுல்தான் அந்தத் துர்கி வழி: துர்கி, ஃபைசல், தைமூர். தைமூர் 1932இல் தானாகவே பதவி விலகி, கடைசியில் பம்பாயில் காலமானார். அவர் மகன் சயீத். அந்த சயீத்தை 1970இல் இறக்கியவர் சொந்த மகன் காபூஸ். தைமூரின் இன்னொரு மகன் தாரிக், அவருடைய மகன்தான் ஹைதம். ஆக ஹைதம் காபூஸுக்குச் சித்தப்பா மகன்.

ரூவிவாசி:
அப்படியென்றால் சான்சிபாரை ஆண்டது மாஜித் வம்சமா அண்ணே?

மத்ராக்காரர்:
அதுதான் இல்லை! மாஜித்துக்குப் பின் அவர் தம்பிகள் வரிசையாக ஆண்டார்கள்: பர்காஷ், கலீஃபா, அலி. 1893இல் துவைனியின் மகன் ஹமதே அங்கே சுல்தானானார். 1911இல் வந்த கலீஃபா பின் ஹாரூப் துவைனியின் பேரன், 1960 வரை 49 ஆண்டு ஆண்டவர். அவர் பேரன் ஜம்ஷித்தான் 1964 புரட்சியில் தப்பி இங்கிலாந்து போனார். மஸ்கட்டை வாங்கிய அண்ணன் வழி சான்சிபாரில் முடிந்தது, மஸ்கட் தம்பி துர்கி வழிக்குப் போனது.

கிராம்புத்தோட்டம்:
இளவரசி சல்மாவை விட்டுவிட்டீர்களே. சயீத்தின் மகள்தான். ஹாம்பர்க் வணிகர் ஒருவரைக் காதலித்து 1866இல் சான்சிபாரை விட்டுத் தப்பி, ஏடனில் ஞானஸ்நானம் பெற்று அவரை மணந்தாள். கணவன் 1870இல் டிராம் விபத்தில் போய்விட்டான். மூன்று பிள்ளைகளோடு ஜெர்மனியில் தனியாகக் கிடந்தாள். 1886இல் ஜெர்மன் மொழியில் தன் வாழ்க்கைக் கதையை எழுதி வெளியிட்டாள். அரண்மனை வாழ்க்கையை உள்ளிருந்து சொன்னவள் என்பதால், எனக்கு இந்தக் குடும்பத்தில் அவளைத்தான் பிடிக்கும்.

ரூவிவாசி:
அருமை. கடைசியாக ஒன்று. ஜம்ஷித்தின் பிள்ளைகள் ஓமன் சிம்மாசனத்துக்கு உரிமை கேட்க முடியுமா?

மத்ராக்காரர்:
வழியே இல்லை. காபூஸ் 1996இல் கொண்டுவந்த அடிப்படைச் சட்டத்தில், சுல்தான் துர்கி பின் சயீத்தின் ஆண் வழியில் வந்தவராக இருக்க வேண்டும் என்று எழுதிவிட்டார். துவைனி வழி அதோடு வெளியே. ஆனால் 2020இல் ஜம்ஷித்தை ஓமனுக்கு வர அனுமதித்தார்கள், 2024 டிசம்பரில் மஸ்கட்டில்தான் காலமானார். ஹைதமோ 2021இல் சட்டத்தை மாற்றி, மூத்த மகனுக்கே பட்டம் என்று வைத்துவிட்டார். இப்போது பட்டத்து இளவரசர் அவர் மகன் தியாஸின்.